செவ்விளநீர் நிறத்து ஆமையும் சாதாச் சேவலும்

எங்கள் கிறிஸ்தவ சபையில் பொருள்களைக் கூவி ஏலம் விளிக்கிற பொறுப்பு என்னிடம் வந்து சேர்ந்ததற்கு என் படிப்புதான் காரணம் என்று அப்பா சொல்வார். எனக்கு வேலை இல்லாமல் இருந்ததுதான் காரணம் என்று கமிட்டிக்காரர்கள் சொல்வார்கள். இரண்டும் ஒன்றுதான் என்பது எங்கள் பக்கத்தில் எல்லோருக்கும் தெரிந்த விஷயம்.

கேரள எல்லைக்குள், பாறசாலையிலிருந்து நெய்யாற்றின்கரை போகிற பாதையை விட்டு விலகி, பெருங்கடவிளைப் பக்கமாக உள்ளே வந்தால் ரப்பர் மரங்களுக்கு நடுவே எங்கள் ஊர். அப்பா ரப்பர் பால் வெட்டப் போகிறவர். அம்மா தொழிலுறப்பு என்கிற நூறு நாள் வேலையில் மற்றப் பெண்களோடு ஓடை சுத்தம் செய்யவும் மண் வெட்டவும் போவாள். நான் புள்ளியியலில் பட்டம் வாங்கியவன். குடும்பத்தில் பத்தாம் வகுப்பைத் தாண்டின முதல் ஆள். இதை அப்பா பஸ்ஸில் பக்கத்து சீட்டில் இருக்கிறவரிடமும் சொல்லிவிடுவார்.

"அது என்ன படிப்பு?" என்று அவர் கேட்பார்.

"எண்ணுக படிப்பாக்கும்."

"எதை எண்ணுவான்?"

"சர்க்கார் சொன்னா எதையும் எண்ணுவான்."

சர்க்கார் இன்னும் சொல்லவில்லை. பரீட்சை எழுதியாகிவிட்டது. ராங்க் லிஸ்டிலும் என் பெயர் ஏறிவிட்டது. ராங்க் லிஸ்டில் பெயர் இருப்பது என்பது பந்திக்கு இலை போட்டு உட்கார வைத்துவிட்டு, பரிமாறுகிறவர் அடுத்த வரிசையோடு திரும்பிப் போய்விடுவது மாதிரி. எழுந்து போகவும் முடியாது, சாப்பிடவும் முடியாது. அப்படி இலைக்கு முன்னால் உட்கார்ந்திருந்த காலத்தில் நான் ஒரு ஆமையைத் தேடிக்கொண்டிருந்தேன்.

போனில் விளையாடுகிற விளையாட்டு அது. திரையில் நாம் நிற்கிற இடத்தின் வரைபடம் வரும். நாம் நடந்தால் வரைபடத்தில் நம் பொம்மையும் நடக்கும். வழியில் விதவிதமான பிராணிகள் முளைக்கும். தொட்டால் பெரிதாகி எதிரே வந்து நிற்கும். விரலால் வலையை வீசிப் பிடித்துக்கொள்ள வேண்டும். அவ்வளவுதான். இதில் ஒவ்வொரு பிராணிக்கும் ஒரு சாதா நிறம் உண்டு. எப்போதாவது, ஆயிரத்தில் ஒன்றோ அதிலும் குறைவோ, அதே பிராணி வேறு நிறத்தில் வரும். அதற்குக் கூடுதல் பலம் கிடையாது. கூடுதல் அறிவு கிடையாது. வேறு நிறம், அவ்வளவே. அந்த நிறத்துக்காக உலகம் முழுக்க வளர்ந்த ஆட்கள் வெயிலில் நடக்கிறார்கள். அவர்களில் நானும் ஒருவன்.

எனக்கு வேண்டியது ஆமை. முயல் காது வைத்த ஒரு ஆமை. சாதாவாக வந்தால் வயல் சேற்றின் நிறம். என் போனில் அப்படிப்பட்ட சேற்று ஆமைகள் பிடித்துப் போட இடமில்லாமல் கிடந்தன. நிறம் மாறினது வந்தால் எங்கள் வீட்டு முன்னால் நிற்கிற செந்தெங்கின் இளநீர் மாதிரி, மஞ்சளும் சிவப்பும் அல்லாத அந்த நிறம். படத்தில்தான் பார்த்திருந்தேன். வரைபடத்தில் பார்த்து நிறம் கண்டுபிடிக்க முடியாது. ஒவ்வொரு ஆமையையும் தொட்டுப் பெரிதாக்கித்தான் பார்க்க வேண்டும். தொட, சேறு. தொட, சேறு.

ஒவ்வொரு தடவையும் வாய்ப்பு புதிது, முந்தின தடவைக்கும் இதற்கும் சம்பந்தம் கிடையாது என்று கல்லூரியில் படித்து, அதையே பரீட்சையில் எழுதி மார்க்கும் வாங்கியவன் நான். இருந்தாலும் இடது கை பெருவிரலால் தொட்டால் வரும் என்று எனக்கு ஒரு நம்பிக்கை இருந்தது. படிப்பு ஒரு பக்கம் இருக்கும், பெருவிரல் ஒரு பக்கம் இருக்கும். இரண்டுக்கும் பேச்சுவார்த்தை கிடையாது.

பிராணிகள் அதிகம் முளைக்கிற இடங்களை அந்த விளையாட்டே தீர்மானிக்கும். பெரும்பாலும் பழைய கட்டடங்கள். அந்தக் கணக்கில் எங்கள் ஊரில் நல்ல இடம் சபை வளாகம் மட்டும்தான். மிஷன் காலத்து மணிக்கூண்டு ஒன்று, கிணறு ஒன்று, கல்லறைத் தோட்டத்து வாசல் ஒன்று. மூன்றும் ஒரே இடத்தில் நின்றால் கைக்கு எட்டும். கல்லறைத் தோட்டத்தை யாரோ புண்ணியவான் 'குடும்பப் பூங்கா' என்று பதிந்து வைத்திருந்தார். ஒரு விதத்தில் அது சரிதான். எங்கள் குடும்பத்தில் பாதிப்பேர் அங்கேதான் இருக்கிறார்கள்.

ஆகவே காலையிலும் சாயங்காலமும் நான் மணிக்கூண்டுக்கும் கல்லறைக்கும் நடுவே தலை குனிந்தபடி நடந்தேன். போதகருக்கு உதவியாக இருக்கிற சபையின் உபதேசியார் கிணற்றங்கரையில் நின்று இதைக் கொஞ்ச நாள் கவனித்தார். வயதானவர். யாரையும் ஒரு வார்த்தை கடிந்து சொல்லத் தெரியாதவர்.

"மக்கா, போன்ல வேதம் வாசிக்கியா?"

"இல்ல உபதேசியாரே. ஒரு ஆமையத் தேடுகேன்."

"கிணத்துல ஒண்ணு கெடக்கே."

"அது இல்ல. இது வேற நெறம்."

அவர் கொஞ்சம் யோசித்தார். "கிட்டினா என்ன செய்வா?"

"வச்சிருப்பேன்."

"கறி வைக்கதுக்கா?"

"இல்ல. சும்மா வச்சிருக்கதுக்கு."

"கொள்ளாம், நல்லதுதான்," என்று சொல்லிவிட்டு அவர் மணி அடிக்கப் போனார். நான் எல்லோரிடமும் உண்மையைத்தான் சொன்னேன். ஆனாலும் நான் உருக்கமாக ஜெபித்து நடக்கிறேன் என்றே ஊரில் பேச்சு நிலைத்தது. ஒரு பட்டதாரி காலையும் மாலையும் ஒரு ஆமைக்காக நடக்கிறான் என்பதை விட, வேலைக்காக ஜெபிக்கிறான் என்பதை நம்ப எல்லோருக்கும் எளிதாக இருந்தது.

துணைக்கு ஆள் இல்லாமல் இல்லை. இந்த விளையாட்டுக்காரர்களுக்குக் குழுக்கள் உண்டு. முதலில் திருவனந்தபுரத்துக் குழுவில் சேர்ந்தேன். நான் மலையாளத்தில்தான் எழுதினேன். ஆனாலும் இரண்டாவது வாரமே, தமிழனுக்கு அங்கே உள்ள கேலிப்பெயரில், "பாண்டிக்கு ஆமை கிடைச்சாச்சா?" என்று விசாரிக்க ஆரம்பித்தார்கள். சரி என்று எல்லை தாண்டி மார்த்தாண்டம் குழுவுக்குப் போனேன். அங்கே என் தமிழைப் பார்த்துவிட்டு, "மலையாளத்தான் வந்திருக்கான், கதவைப் பூட்டுங்கடே" என்றார்கள். சாதா நிறத்தில் பிறக்காத பிராணிகளுக்காக உயிரை விடுகிற ஆட்கள்தான் இரண்டு பக்கமும். நான் இரண்டு குழுவிலும் வாய் திறக்காமல் இருந்து, தகவல்களை மட்டும் பொறுக்கிக்கொண்டேன்.

அப்படிப் பொறுக்கின தகவலில் ஒன்றுதான் 'ஆமை நாள்'. ஒரு ஞாயிற்றுக்கிழமை, மத்தியானத்துக்கு மேல் சில மணி நேரம் மட்டும், உலகமெங்கும் ஆமையாக முளைக்கும். நிறம் மாறினது வர வாய்ப்பும் பல மடங்கு கூடும். ஒரு பிராணிக்கு இப்படி ஒரு நாள் வந்து போனால், திரும்ப வருமா என்று யாருக்கும் தெரியாது. இந்த ஒரு நாளில் கிடைத்தால் கிடைத்தது.

அந்த ஞாயிற்றுக்கிழமைதான் எங்கள் சபையில் அறுப்பின் பண்டிகை.

அறுப்பின் பண்டிகை என்றால், அவரவர் மண்ணில் விளைந்ததை அவரவர் கொண்டுவந்து பீடத்துக்கு முன்னால் படைக்க வேண்டும். மரச்சீனிக் கிழங்கு, வாழைக்குலை, சேனை, தேங்காய், கோழி, முட்டை. ஆராதனை முடிந்து சாப்பாடும் முடிந்த பிறகு வெளியே பந்தலில் அதையெல்லாம் ஏலம் விடுவார்கள். பணம் சபைக்கு. இந்த ஏலத்துக்கும் சந்தை விலைக்கும் எந்தச் சம்பந்தமும் கிடையாது. ஒருவர் வாங்கின பலாப்பழத்தை அவரே திரும்பப் படைப்பார், மறுபடியும் ஏலம் போகும், வாங்கினவர் மறுபடியும் படைப்பார். ஒரே பலாப்பழம் சாயங்காலத்துக்குள் நாலைந்து வீட்டுக்குச் சொந்தமாகி, கடைசியில் அழுகிப் போகிற நேரத்தில் யாரிடமோ போய்ச் சேரும். யாருடைய பொருள் எவ்வளவுக்குப் போகிறது என்பதை வைத்து அந்த வருஷத்துக்கு யார் பெரிய ஆள் என்று முடிவாகும்.

இதில் எங்கள் வீட்டுப் பொருளுக்கு ஒரு நிரந்தர இடம் உண்டு. அம்மா வருஷம் தவறாமல் ஒரு சேவல் கொண்டுபோவாள். அது கடைசியில், பாதிப்பேர் எழுந்து செருப்புத் தேடுகிற நேரத்தில் வரும். உபதேசியார் மட்டும் ஒரு விலை சொல்வார். அந்த ஒரு சத்தத்திலேயே ஒருதரம், இரண்டுதரம், மூன்றுதரம் என்று முடிந்துவிடும். ஏலம் என்றால் இரண்டு சத்தம் வேண்டும். ஒரு சத்தத்தில் முடிவது தர்மம். இந்த வித்தியாசம் அம்மாவுக்குத் தெரியும்.

"எனக்க சேவலுக்கு ரெண்டாமத்தது ஒரு சத்தம் கேக்கணும்," என்பாள். "விலை கூடக் கேக்கண்டாம். ஒருத்தன் கேட்ட பொறவு இன்னொருத்தன் கேக்கணும். அது மதி, அவ்வளவு போரும் எனக்கு."

ஏலம் விளித்துக்கொண்டிருந்த பெரியவர் அந்த வருஷம் மகளோடு பெங்களூருக்குப் போய்விட்டார். கமிட்டி கூடி, மைக் பிடிக்கத் தெரிந்த, தமிழும் மலையாளமும் தட்டில்லாமல் வருகிற, ஞாயிற்றுக்கிழமை வேறு சோலி இல்லாத ஒரு ஆளைத் தேடி என்னைக் கண்டுபிடித்தது. எனக்கு அந்த ஞாயிற்றுக்கிழமை ஆமை என்ற சோலி உண்டு என்பதைச் சொன்னேன். கமிட்டிக்காரர்கள் சிரித்தார்கள். அப்புறம் நானும் யோசித்துப் பார்த்தேன். பந்தல் போடுவது கிணற்றுக்கும் மணிக்கூண்டுக்கும் நடுவே. அந்த நேரத்தில் நான் எப்படியும் அங்கேதான் நின்றிருப்பேன். வலது கையில் மைக், இடது கையில் போன். ஒத்துக்கொண்டேன்.

அம்மாவிடம் சொன்னபோது அவள் கோழிக்கூட்டைச் சுத்தம் செய்துகொண்டிருந்தாள்.

"அந்த ஆமைய ஒரு நாளு விட்டூடப்படாதா?"

"இந்த ஒரு நாளுதான் வரும்மா."

"வந்தா?"

"வேற நெறம்மா. ஆயிரத்துல ஒண்ணு."

அவள் கூட்டுக்குள்ளே கையை விட்டு அந்த வருஷத்துச் சேவலை வெளியே எடுத்தாள். சாதாச் செவலை. ஊரில் எந்த வேலியோரத்திலும் நிற்கிற செவலை. கொண்டை கொஞ்சம் சாய்ந்திருந்தது.

"எனக்கது ஆயிரத்துல ஆயிரமும் இதுதான்," என்றாள். "பாத்து விளிச்சிரு மக்கா. ஓடிரப்படாது. ஒண்ணு, ரெண்டு, மூணுண்ணு சடங்கு கழிக்கப்படாது."

பண்டிகையன்று பந்தலில் நல்ல கூட்டம். ஆண்கள் இடது பக்கம், பெண்கள் வலது பக்கம். அம்மா கடைசி வரிசையில் தொழிலுறப்புப் பெண்களோடு இருந்தாள். அப்பா முன்வரிசையில் உட்கார வேண்டாம் என்று எத்தனையோ வருஷமாக இருந்த தீர்மானத்தை மாற்றி, மகன் மைக் பிடிப்பதால் இரண்டாவது வரிசையில் வந்து உட்கார்ந்தார். முதல் வரிசையில் வழக்கமான இரண்டு பேர். ஒருவர் பேங்க் மானேஜராக இருந்து ரிட்டயர் ஆனவர். இன்னொருவர் கல்ஃபில் இருந்து திரும்பி வெள்ளறடை ரோட்டில் புது வீடு கட்டியிருந்தவர். இரண்டு பேருக்கும் நடுவே வழக்கு என்று எதுவும் கிடையாது. ஒருவர் கேட்டதை இன்னொருவருக்கு விட மனசு வராது, அவ்வளவுதான். சபையின் புதுக் கூரையே இந்த மனசு வராமையில் போட்டதாக்கும் என்று உபதேசியார் சொல்வார்.

முதல் வாழைக்குலையை நான் விளிக்கும்போதே வரைபடத்தில் ஆமைகள் முளைக்க ஆரம்பித்துவிட்டன. கிணற்றைச் சுற்றி ஆமை. மணிக்கூண்டின் அடியில் ஆமை. குடும்பப் பூங்காவில் கல்லறைக்கு ஒரு ஆமை. வலது கையால் விளித்தேன், இடது பெருவிரலால் தொட்டேன்.

"சேனை, நல்ல சேனை, யாருக்கு வேணும்?" சேறு.

"இருநூறு ஒருதரம்!" சேறு.

"இருநூறு ரெண்டுதரம்!" சேறு.

"மானேஜர் சாருக்கு மூணுதரம்!" சேறு.

வேலை ஓடிக்கொண்டிருந்தது. இரண்டு வேலையும். நான் போனைப் பார்த்துப் பார்த்து விளிப்பது கமிட்டிக்காரர்களுக்குப் பிடித்திருந்தது. போனில் ஏதோ கணக்குப் பார்க்கிறேன் என்று நினைத்தார்கள். "பாரு, கம்ப்யூட்டர்ல விளிக்கான்" என்று ஒருவர் அடுத்தவரிடம் சொன்னது எனக்குக் கேட்டது. அப்பாவுக்கும் கேட்டது. அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

வெயில் சாய்ந்தது. ஆமை நேரம் முடியப் போகிறது என்று போன் ஒரு சிவப்பு எழுத்தில் காட்டியது. பந்தலில் செருப்புத் தேடல் ஆரம்பித்தது. அப்போதுதான் உபதேசியார் கால் கட்டின எங்கள் சேவலைத் தூக்கி மேசைமேல் வைத்தார்.

"சேவல்," என்றேன். அம்மா சொன்னது ஞாபகம் வந்தது. "நல்ல... வீட்டுல வளந்த சேவல். அரிசி தின்ன சேவல்."

யாரும் திரும்பவில்லை. உபதேசியார் வழக்கம்போல ஒரு விலை சொன்னார்.

"இன்னொரு ஆளு? இன்னொரு ஆளு கேக்கலாம்." யாரும் கேட்கவில்லை. மானேஜர் சார் கைக்குட்டையை மடித்துப் பையில் வைத்துக்கொண்டிருந்தார். கல்ஃப்காரர் கார்ச்சாவியைக் கையில் எடுத்திருந்தார். கடைசி வரிசையில் அம்மா சேலைத் தலைப்பை ஒழுங்காக்கிக்கொண்டு எழும்பத் தயாரானாள்.

"ஒருதரம்," என்றேன். தொட்டேன். சேறு.

"ரெண்டுதரம்," என்றேன். தொட்டேன்.

ணிங் என்று ஒரு சத்தம்.

போனை மைக்குக்குப் பக்கத்தில் வைத்திருந்ததால் அந்த ணிங் நாலு ஒலிபெருக்கியிலும் கேட்டது. திரையில் சின்னச் சின்ன நட்சத்திரங்கள் வட்டம் போட்டன. நடுவே ஆமை, முயல் காதை ஆட்டிக்கொண்டு நின்றது. செவ்விளநீர் நிறம். படத்தில் பார்த்ததைவிட அழகு. மூன்று என்ற எண்ணே எனக்கு மறந்துபோயிற்று.

வலையை வீசினேன். ஆமை வலைக்குள் போய் ஒரு குலுக்கு குலுக்கிக் கிழித்து வெளியே வந்தது. எனக்கு வியர்த்தது.

பந்தலில் சத்தம் நின்றுவிட்டது. இதை நான் பிற்பாடு மற்றவர்கள் சொல்லித்தான் அறிந்தேன். செருப்புத் தேடினவர்கள் நிமிர்ந்து பார்த்தார்களாம். இரண்டுதரம் வரை சொன்ன ஆள் மூன்றாவது சொல்லாமல் தலை குனிந்து, நெற்றி வியர்த்து நிற்கிறான். என்ன விஷயம்? அந்தச் சேவலில் என்ன உண்டு?

"அவன் என்னத்துக்கு நிறுத்தினான்?" என்று கல்ஃப்காரர் பக்கத்தில் கேட்டிருக்கிறார்.

"கம்ப்யூட்டர்ல என்னவோ காட்டியிருக்கு," என்று பக்கத்து ஆள் சொல்லியிருக்கிறார்.

கல்ஃப்காரர் கார்ச்சாவியைப் பையில் போட்டுவிட்டு, "முந்நூறு!" என்றார்.

இரண்டாவது சத்தம். அம்மா எத்தனை வருஷமாகக் காத்திருந்த இரண்டாவது சத்தம். அது எனக்குக் கேட்கவில்லை. நான் இரண்டாவது வலையை வீசிக்கொண்டிருந்தேன். ஆமை அதையும் கிழித்தது.

மானேஜர் சார் கைக்குட்டையைத் திரும்ப வெளியே எடுத்தார். "ஐந்நூறு!"

நான் பதில் சொல்லவில்லை. பதில் சொல்லாதது கல்ஃப்காரரை உசுப்பிவிட்டது. ஐந்நூறெல்லாம் ஒரு விலையா என்று நான் நினைப்பதாக அவருக்குத் தோன்றியிருக்கிறது. அவர் ஏற்றினார். மானேஜர் சார் அதற்கு மேலே ஏற்றினார். நடுவே எங்கிருந்தோ மூன்றாவது ஒரு சத்தமும் வந்ததாகச் சொல்கிறார்கள். நான் தலையைத் தூக்கவே இல்லை. விலை ஏற ஏற என் முகத்தில் ஒரு திருப்தியின்மை தெரிந்ததாம். தெரிந்திருக்கும். என்னிடம் இருந்த நல்ல வலைகள் எல்லாம் தீர்ந்து, கடைசி ஒன்று மட்டும் மீதி நின்றது.

சேவலின் விலை ஒரு ஆட்டின் விலையைத் தாண்டி, கன்றுக்குட்டியின் விலையை நெருங்கினபோது கடைசி வரிசையில் அம்மா எழும்பி நின்றாள். இரண்டாவது சத்தம் மட்டும்தானே அவள் கேட்டது. இது எங்கே போய் நிற்கும்? நாளைக்கு இந்தக் காசை இழந்தவன் வீட்டு வாசலில் வந்து நின்றால்? அவள் கை காட்டினாள். நான் பார்க்கவில்லை. பக்கத்துப் பெண்ணின் தோள்மேல் ஏறாத குறையாக நின்று கை காட்டினாள். பார்க்கவில்லை. அப்போது அவள், யாரும் செய்யக்கூடிய ஒரு காரியத்தைச் செய்தாள். போனை எடுத்து மகனைக் கூப்பிட்டாள்.

நான் கடைசி வலையை வீசிவிட்டிருந்தேன். ஆமை உள்ளே இருந்தது. ஒரு குலுக்கு. இரண்டு குலுக்கு. மூன்றாவது குலுக்கு வராமல் வலை இறுகினால் ஆமை எனக்கு.

திரை முழுக்க 'அம்மா' என்று வந்தது. கூடவே ரிங்டோன், ஒலிபெருக்கியில்.

பழைய போன். ஒரு நேரத்தில் ஒரு வேலைதான் செய்யும். விரல் பதறி எடுத்துவிட்டேன். ஸ்பீக்கரில் விழுந்தது. போன் மைக்கை ஒட்டியே இருந்தது.

"எலே! மூணு சொல்லித் தொலைலே!"

அம்மாவின் குரல் மணிக்கூண்டில் மோதி, கல்லறைத் தோட்டம் வரை போய்த் திரும்பி வந்தது. எங்கள் ஊரில் அதற்கு முன் ஒலிபெருக்கியில் பேசின பெண்கள் போதகரின் மனைவியும், ஓட்டுக் கேட்டு வந்தவர்களும்தான்.

"மூணுதரம்!" என்று கத்தினேன்.

பந்தல் கைதட்டியது. கல்ஃப்காரர் எழுந்து நின்று, சுற்றிப் பார்த்துக் கும்பிட்டார். சேவல் அவருக்கு. உபதேசியார் அதன் காலைப் பிடித்துத் தூக்கிக் காட்டினார். அதற்குமே என்ன நடந்தது என்று புரியவில்லை.

நான் விளையாட்டைத் திரும்பத் திறந்தேன். பழைய போனுக்கு அதற்குக் கொஞ்ச நேரம் வேண்டும். அந்த நேரத்தில் அப்பா மேசைக்குப் பக்கத்தில் வந்து, யாரிடம் என்றில்லாமல், "எண்ணுக படிப்பாக்கும்" என்றார். வரைபடம் வந்தது. ஆமை நேரம் முடிந்துவிட்டது என்ற சிவப்பு எழுத்து வந்தது. பிடித்தவை, தப்பினவை எல்லாம் வரிசையாகக் காட்டுகிற ஒரு பக்கம் உண்டு. அதில் கடைசியாக, நட்சத்திர அடையாளத்தோடு ஒரு ஆமை. எதிரே 'தப்பிவிட்டது'.

வீட்டுக்கு நடக்கும்போது அம்மா முன்னால் போனாள். எப்போதும் எங்களுக்குப் பின்னால் வருகிறவள்.

"முந்நூறுண்ணு சொன்னது கேட்டியா? அந்த ரெண்டாமத்த சத்தம்? அவன் எழும்பிப் போவப் போனவனாக்கும். சாவியைப் பையில போட்டான். நான் பாத்தேன்."

"கேக்கல்லம்மா."

"கேக்கல்லியா? பின்ன நீ எதுக்கு நிறுத்தின?"

"ஆமை வந்து."

அவள் நின்றாள். "அந்த நெறம் மாறினதா?"

"ஆமா."

"கிட்டிச்சா?"

"நீங்க போன் செய்யல்லேண்ணா கிட்டியிருக்கும்."

அம்மா திரும்பி மறுபடி முன்னால் நடந்தாள். பிறகு, "நான் போன்ல விளிக்கல்லேண்ணா கல்ஃப்காரன் வீட்டை வித்திருப்பான்," என்றாள். அதுவும் உண்மைதான்.

மறுநாள் கல்ஃப்காரரின் கார் எங்கள் முடுக்கு வரை வந்து, அதற்கு மேல் வர முடியாமல் நின்றது. அவர் சேவலைக் கையில் பிடித்துக்கொண்டு நடந்து வந்தார். புது வீட்டின் முற்றம் முழுக்க டைல்ஸ் போட்டிருக்கிறது, சேவல் வழுக்கி விழுகிறது, வீட்டுக்காரிக்கு உயிர்க்கோழியைக் கண்டால் பயம் என்றார். அறுத்துவிடலாமே என்று அப்பா சொன்னதற்கு, இவ்வளவு விலை கொடுத்ததை எப்படி அறுப்பது என்று கேட்டார். நியாயமான கேள்வி. கடைசியில் அம்மாவிடமே ஒப்படைத்தார். "எனக்க சேவலாக்கும். இங்க நிக்கட்டும். இடைக்கிடைக்கு வந்து பாத்துக்கிடுகேன்."

அப்படியாக, நான் ஆமைக்குச் செய்ய நினைத்ததை ஊரே எங்கள் சேவலுக்குச் செய்தது. சும்மா வைத்துக்கொள்வது. அதைப் பார்க்க ஆட்கள் வர ஆரம்பித்தார்கள். முதலில் சபைக்காரர்கள், பிறகு கோயில் பக்கத்து வீட்டார்கள், பிறகு கோட்டுகாலில் இருந்து அம்மாவின் தூரத்துச் சொந்தம். மானேஜர் சாரும் ஒரு நாள் குடையோடு வந்தார். தனக்குக் கிடைக்காமல் போனது என்ன என்று பார்க்க வேண்டுமே. கண்ணாடியை மாற்றிப் போட்டுக்கொண்டு நெடுநேரம் பார்த்தார்.

"கொண்டை சாய்ஞ்சிருக்கு பாத்தியா? இதாக்கும் விஷயம். இது இங்கத்த இனம் இல்ல."

"எங்க வீட்டு முட்டையில வந்ததாக்கும் சார்," என்றாள் அம்மா.

"முட்டை உங்க வீட்டுது. இனம் வேற," என்றார்.

அடுத்து வந்தவர் காலின் மஞ்சளைக் கண்டுபிடித்தார். அதற்கடுத்தவர் கழுத்துச் செவலையில் ஒரு தங்க மினுக்கம் உண்டு என்றார். விலை முதலில் வந்தது, அபூர்வம் பின்னால் ஒவ்வொன்றாக வந்து சேர்ந்தது. முதலில் சிரித்துக்கொண்டிருந்த அம்மா, பிறகு சிரிப்பதை நிறுத்தினாள். பிறகு போட்டோ எடுக்கிறவர்களிடம், "கண்ணு படும், தூரத்துல நிண்ணு எடுங்க" என்று சொல்ல ஆரம்பித்தாள்.

அந்தச் சேவலுக்குப் பிறந்த குஞ்சு வேண்டும் என்று தொழிலுறப்புப் பெண்கள் சொல்லிவைத்தார்கள். அம்மா கோழியை அடைக்கு வைத்தாள். குஞ்சு பொரிந்த காலையில் என்னைக் கூப்பிட்டாள். கூடைக்குப் பக்கத்தில் குந்தி உட்கார்ந்து, ஒவ்வொரு குஞ்சாகக் கையில் எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். செவலை. கீழே விட்டாள். அடுத்தது. செவலை. அடுத்ததை எடுக்க அவள் இடது கையை நீட்டினதை நான் கவனித்தேன்.

"என்னம்மா தேடுதிய?"

"ஒண்ணாவது வேற நெறத்துல வருமாண்ணு பாக்கியேன்."

"எப்பவும் உள்ள வாய்ப்புதானம்மா. சேவலு மாறல்லியே."

"ஒனக்க ஆமை மட்டும் வந்துது?"

அதற்குப் புள்ளியியலில் பதில் உண்டு. அவள் கடைசிக் குஞ்சையும் பார்த்து முடித்தாள். எல்லாம் செவலை. கமிட்டியிலிருந்து அதற்குள் ஆட்கள் வந்து சொல்லிவிட்டுப் போயிருந்தார்கள். அடுத்த பண்டிகைக்கும் நான்தான் விளிக்க வேண்டும், போனையும் மறக்காமல் எடுத்துவர வேண்டும், இரண்டுதரத்துக்குப் பிறகு அதே மாதிரி நிறுத்த வேண்டும்.

"ஒனக்க ஆமைக்கு இனி எப்பளாம் நாளு?" என்று கேட்டாள் அம்மா.

"தெரியாதும்மா. சொல்ல மாட்டாவ."

"வந்தா சொல்லு. அண்ணைக்கு நான் போன் செய்ய மாட்டேன்."

சொல்லிவிட்டு எழுந்து உள்ளே போனாள். முட்டைச் சட்டியைத் தூக்கிக்கொண்டு வந்து, அடுத்த அடைக்கு வைக்க முட்டைகளை ஒவ்வொன்றாகக் காதோரம் ஆட்டிப் பார்த்துப் பொறுக்க ஆரம்பித்தாள்.